கற்குகையா, அரிசி ஆலையா, ரெஜிபோமா? புதைந்த அறையைப் படமாக்க எது தோது

மண்வெட்டி கல்லில் இடறுகிறது. கல்லைப் புரட்டினால் கீழே படிக்கட்டு. இந்த இடம் வரைக்கும் திரைக்கதை தானாக ஓடும். அடுத்த காட்சியில்தான் கிழக்கு மாகாணத்தில் வாகரையிலிருந்து பொத்துவில் வரை குறும்படக் குழுக்கள் தடக்குப்பட்டு நிற்கின்றன: அந்தப் படியிறங்கிப் போய்ச் சேரும் அறையை எங்கே எடுப்பது?

கேட்பவர்கள் பெரும்பாலும் ஒரே அளவான குழுக்கள். ஐந்தாறு பேர், ஒரு சின்னக் கமரா அல்லது நல்ல போன், 15 முதல் 20 நிமிடப் படம். சாகசமோ திகிலோ, கதையின் நடுவில் பல நூற்றாண்டு மூடிக்கிடந்த ஓர் அறை. அவர்கள் முன்னால் நான்கு வழிகள் உண்டு: உண்மையான கல்லிடம், கைவிட்ட அரிசி ஆலை அல்லது கிட்டங்கி, மண்டபத்துக்குள் ரெஜிபோமால் (தேர்மகோல்) கட்டும் செட், மேசைமேல் செய்யும் சிறு மாதிரி. கணினியில் வரைவதை ஐந்தாவதாகச் சிலர் சொல்வார்கள். அதற்கு இங்கே அதிக இடம் தரவில்லை. காரணம் பின்னால் வரும்.

எதை வைத்து அளப்பது

முதல் அளவுகோல் பணம் என்று நினைத்தால் கணக்குப் பிழைத்துவிடும். ஷொட் பட்டியலை எடுத்து, அறை முழுவதும் ஒரே சட்டகத்தில் தெரியவேண்டிய ஷொட்டுகள் எத்தனை என்று எண்ணுங்கள். நாற்பது ஷொட்டில் இரண்டோ மூன்றோதான் வரும். மிச்சமெல்லாம் முகம், கை, ஒரு சுவர்த்துண்டு, கதவின் விளிம்பு. அந்த இரண்டுக்காக முழு அறையையும் கட்டுவதுதான் இந்த வேலையில் அதிகம் நடக்கும் வீண்செலவு.

இரண்டாவது, இருட்டு உங்கள் கையில் இருக்கிறதா என்பது. ரோர்ச் வெளிச்சம் மட்டும் நகரும் காட்சிக்கு, மேலே ஒரு ஓட்டை வழியாக வெயில் விழுந்தாலும் கதை போய்விடும். மூன்றாவது தீ. கதையில் தீப்பந்தம் இருந்தால் சில வழிகள் உடனே அடிபடும். நான்காவது சத்தம். ஐந்தாவதை எல்லோரும் மறப்பார்கள்: வெட்டித் தொகுக்கும்போது "இந்தக் கையை ஒருக்கா கிட்டத்தில் எடுத்திருக்கலாம்" என்று தோன்றும், அந்த இடத்துக்குத் திரும்பப் போக முடியுமா?

| | அனுமதி | தயாரிப்பு | இருட்டு | தீப்பந்தம் | திரும்ப எடுத்தல் |
|---|---|---|---|---|---|
| உண்மையான கல்லிடம் | திணைக்களங்கள், எழுத்தில் | கடிதங்கள் வரும்வரை | கிடைப்பது கிடைக்கும் | கூடாது | மீண்டும் முதலிலிருந்து |
| அரிசி ஆலை, கிட்டங்கி | உரிமையாளர் | 2 முதல் 3 நாள் | இரவில் முழுமை | ஆகும், கவனத்துடன் | சுலபம் |
| மண்டபத்தில் செட் | மண்டப நிருவாகம் | 7 முதல் 9 நாள் | முழுமை | அறவே கூடாது | பிரிக்கும்வரை |
| மேசை மாதிரி | தேவையில்லை | 3 முதல் 4 நாள் | முழுமை | கூடாது | எப்போதும் |

உண்மையான கல்லிடம்

கண்ணுக்கு இதை வெல்ல எதுவுமில்லை. மட்டக்களப்புக் கோட்டை போர்த்துக்கேயர் 1628இல் எழுப்பியது. பத்தே வருடத்தில், 1638இல், ஒல்லாந்தர் கைக்குப் போனது. அந்தச் சுவரின் தடிப்பைப் பலகையில் கொண்டுவர முடியாது. அம்பாறைப் பக்கம் இராஜகலவில் பழைய துறவிகளின் கற்குகைகள் உண்டு. குகையின் நெற்றியில், மழைநீர் உள்ளே வழியாதபடி ஒரு விளிம்பை வெட்டியிருப்பார்கள். அதற்குக் கீழே பிராமி எழுத்து. அந்த விளிம்பை ஒருமுறை உற்றுப் பார்த்துவிட்டு வருவது, செட் கட்டப் போகிறவருக்கும் நல்லது. நம் ஊர்க் கதைக்கு எகிப்திய நரித்தலையை ஒட்டும் எண்ணம் அதோடு போய்விடும்.

சிக்கல் சட்டத்தில் தொடங்குகிறது. 1940ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கத் தொல்பொருட்கள் கட்டளைச் சட்டப்படி, உத்தரவுப்பத்திரம் இல்லாமல் தொல்பொருளுக்காக அகழ்வது குற்றம். நீங்கள் நடிப்புக்குத்தான் தோண்டுகிறீர்கள். ஆனால் அலவாங்கு, மண்வெட்டி, இரவு, ரோர்ச் வெளிச்சம் ஆகிய நான்கையும் ஓர் இடிபாட்டருகே கண்ட ஊரவருக்கு அது தெரியாது. புதையல் தோண்டப் போய்ப் பிடிபடுவது இந்த நாட்டில் அடிக்கடி வரும் செய்தி. போதாக்குறைக்கு, தொல்பொருள் மரபுரிமைக்கென்றே 2020இல் ஜனாதிபதி செயலணி அமைக்கப்பட்ட மாகாணம் இது. எந்தக் கல் யாருடையது என்பது இங்கே பொழுதுபோக்குக் கதை அல்ல. ஆகவே தொல்பொருள் திணைக்களத்தின் எழுத்து அனுமதியைக் கையில் வைத்திருங்கள். இடம் காட்டுக்குள் என்றால் வனத்துறை அல்லது வனசீவராசிகள் திணைக்களத்தின் அனுமதியும் வேண்டும். பிரதிகளைப் பொலிஸ் நிலையத்துக்கும் கிராம சேவகருக்கும் முன்கூட்டியே கொடுங்கள். வாய்ச்சொல் அனுமதி அனுமதியே அல்ல.

சட்டம் முடிந்தாலும் குகை முடியாது. வௌவால் எச்சம் கிடக்கும் இடத்தில் காலால் கிளறினால் எழும் தூசியில் நுரையீரலைத் தாக்கும் பூஞ்சண வித்திகள் இருக்கலாம். துணி முகக்கவசம் அதற்குப் போதாது. பாறை முகப்பில் குளவிக்கூடு இருந்தால் புகையும் ட்ரோன் இரைச்சலுமே அவற்றைக் கிளப்பிவிடும். யானை நடமாடும் பக்கங்களில் மாலை நாலு மணிக்குப் பிறகு பொதி கட்டிக்கொண்டிருப்பது புத்தியல்ல. சுவரில் சாயம், ஆணி, ஒட்டுநாடா எதுவும் படக்கூடாது என்பதால் விளக்கைத் தொங்கவிடவும் வழியில்லை.

பெரிய படங்களே இதைத் தவிர்த்தன. 1989இல் வந்த மூன்றாவது இண்டியானா ஜோன்ஸ் படத்தில் ஜோர்தானின் பெட்ரா முகப்பு உண்மையானது. உள்ளே போனதும் வருவது இங்கிலாந்து ஸ்ரூடியோவில் கட்டியது. உண்மையான பெட்ரா முகப்புக்குப் பின்னால் இருப்பது அலங்காரமில்லாத வெற்று அறைதான். நீங்களும் அப்படியே பிரித்துக்கொள்ளுங்கள்: வாசல், படியிறங்கும் கால், திரும்பிப் பார்க்கும் முகம் ஆகியவற்றை மட்டும் பகலில், மூன்று பேராகப் போய், தோண்டாமல், தீயில்லாமல் எடுத்துவிட்டு வரலாம்.

பழைய அரிசி ஆலை, கிட்டங்கி

படுவான்கரையிலும் அம்பாறை வட்டைகளின் (வயல்வெளிகளின்) ஓரத்திலும் ஓட்டம் நின்ற ஆலைகள் உண்டு. நெல் அவித்த அடுப்பறைதான் நமக்கு வேண்டிய இடம். கரி படிந்த செங்கல், வளைவான அடுப்புவாய், தவழ்ந்து நுழையும் உயரம். திகில் படத்துக்கு இதைவிட மலிவான நல்ல இடம் கிடையாது. செங்கல்லும் மண்ணும்தான் சுற்றிலும் என்பதால் தீப்பந்தக் காட்சியை இங்கேதான் எடுக்கவேண்டும். பந்தத்துக்குப் பருத்தித் துணியை மட்டும் கம்பியால் இறுக்கிச் சுற்றுங்கள். நைலோன் உருகிச் சொட்டும். எண்ணெயில் நனைத்தபின் நன்றாகப் பிழிந்துவிட்டே பற்றவையுங்கள். பெற்றோல் கிட்டவே வரக்கூடாது. சட்டகத்துக்கு வெளியே இரண்டு வாளி மணலும் ஒரு நனைத்த சாக்கும், அதற்கென்றே நிற்கும் ஒருவரும் வேண்டும்.

மறைந்த செலவு துப்புரவாக்குவது. ஈரத் தரையில் எலி மூத்திரம் கலந்திருந்தால் எலிக்காய்ச்சல் வரும்; காலில் புண் உள்ளவரை வெறுங்காலுடன் நடிக்க விடாதீர்கள். அஸ்பெஸ்டஸ் கூரையைத் தட்டவோ சுரண்டவோ கூடாது. ஓட்டை வழி வெளிச்சம் வரும், ஆகவே இரவு வேலை. பிறகு சுவரைப் பாருங்கள்: வயர்க் குழாய், சுவிச்சுப் பெட்டி, சீமெந்துப் பூச்சு. இவை ஒரே ஷொட்டில் ஆயிரம் வருடத்தைக் கெடுத்துவிடும். களிமண் குழம்பில் தோய்த்த சாக்கைத் தொங்கவிட்டால் காய்ந்தபின் பாறை மடிப்புப்போல நிற்கும். ஒரு வழமையான பிழை: ஜெனரேற்றரைச் சத்தம் கேட்காதென்று உள்ளறையில் வைப்பது. அதன் புகையிலுள்ள காபனோரொட்சைட்டுக்கு மணமில்லை; ஆளை மயக்கிக் கொன்றுவிடும். வெளியே, புகை உங்கள் பக்கம் வீசாத திசையில், குறைந்தது 20 மீற்றர் தள்ளி வையுங்கள்.

பாழ்ங்கிணறும் குளத்துத் துருசும் (மதகு) இந்தப் பட்டியலில் இல்லை, வேண்டுமென்றேதான். மெழுகுதிரி இறக்கிப் பார்த்தோம், அணையவில்லை என்று இறங்குவார்கள். காபனோரொட்சைட்டு சுடரை அணைக்காது. துருசிலோ தண்ணீர் திறக்கும் நேரம் உங்களைக் கேட்டு வராது.

மண்டபத்துக்குள் ஒரு மூலை

அறையைக் கட்டாதீர்கள், மூலையைக் கட்டுங்கள். எட்டடிக்கு எட்டடி, எட்டடி உயரம், 'ட' போல இரண்டு சுவர். அதே மூலையைக் கற்களை இடம்மாற்றி, விளக்கை மறுபக்கம் வைத்து எடுத்தால் எதிர்ச் சுவராகிவிடும். 2005இல் வந்த 'தி டிசென்ட்' படக்குழு, உண்மையான குகை ஆபத்தானது, நேரமும் தின்னும் என்று ஸ்ரூடியோவிலேயே குகைகளைக் கட்டியது. பாத்திரங்கள் கையில் வைத்திருப்பதாகத் தெரியும் வெளிச்சத்தைத் தவிர வேறொன்றும் இல்லை என்ற உணர்வே அந்தப் படத்தின் பலம். இருட்டை ஆள்பவருக்கு எட்டடி தாராளம்.

சட்டங்கள்: நாலடி அகலம், எட்டடி உயரத்தில் நான்கு. ஒன்றுக்கு 2×1 அங்குல மரம்: எட்டடியில் இரண்டு நிற்பன, நாலடியில் நான்கு குறுக்கு, மூலைவிட்டத் தாங்கு இரண்டு, கூட்டினால் ஏறத்தாழ 38 அடி. நான்குக்கும் 152 அடி, வெட்டுக்கழிவோடு 170 அடி வாங்குங்கள். சட்டத்தின் பின்னால் சாய்வுத்தாங்கு வைத்து, அடியில் மணல் சாக்கு போடாமல் யாரையும் முன்னால் நிற்க விடாதீர்கள். கச்சான் காற்று (வறண்ட தென்மேற்குக் காற்று) வீசும் நாளில் மண்டபக் கதவு திறந்தால் சுவர் பாய்மரமாகிவிடும்.

மேல்தோல்: 2 அங்குலத் தடிப்பு, 8×4 அடி ரெஜிபோம் ஆறு தாள். சுவருக்கு நான்கு, கதவுநிலைக்கு ஒன்று, விழுந்த கற்களுக்கும் பொருட்களுக்கும் ஒன்று. ஒட்டுவதில்தான் பலர் சறுக்குகிறார்கள். தோல், ரப்பர் ஒட்டும் பசை ரெஜிபோமைக் கரைத்துவிடும். தின்னர், ஸ்பிறே பெயின்ற், எண்ணெய்ச் சாயமும் அப்படியே. பைண்டர் கம் (நீரில் கரையும் வெள்ளைப் பசை) பூசி, தென்னோலை ஈர்க்கைக் குறுக்கும் மறுக்குமாகக் குத்தி இறுக்குங்கள். இரண்டு தாளுக்கு நடுவே காற்றுப் போகாததால் கம் காய ஒரு முழு நாள் எடுக்கும். அவசரப்பட்டு நிமிர்த்தினால் நடுவே வயிறு தள்ளும்.

கல் வெட்டு: ஒரே அளவில் கட்டம் போட்டால் குளியலறை ஓடு மாதிரி இருக்கும். அடிவரிசை பெரிது, மேலே போகப் போகச் சிறிது. இரண்டு நிலைக்குத்து இணைப்பு ஒரே கோட்டில் வரக்கூடாது. இணைப்பை அரை அங்குல ஆழத்துக்கு வெட்டி, விளிம்பைக் கம்பித் தூரிகையால் உடையுங்கள். வெட்டும்போது கதவு, யன்னல் திறந்திருக்கட்டும். பிறகு பழைய பத்திரிகைத் தாளைக் கிழித்துக் கம்மில் தோய்த்து ஒரு படை. அதற்குமேல் இமல்ஷன் நாலு பங்கு, கம் ஒரு பங்கு, அரித்த குறுமணல் இரண்டு பங்கு சேர்ந்த கலவை. கச்சான் காலத்தில் இரண்டு நாளில் காயும். மாரியில் நாலு நாள் போனாலும் ஈரம் நிற்கும், பூஞ்சணமும் பிடிக்கும். கார்த்திகை, மார்கழியில் செட் திட்டமிடுகிறவர்கள் இதைக் கணக்கில் எடுக்கவேண்டும். தகரக் கூரையில் மழை விழும் சத்தத்தையும் சேர்த்துத்தான்.

சாயம் மூன்று அடுக்கு. முதலில் கறுப்புக் கலந்த மண்ணிறம், பள்ளமெல்லாம் நிறையும்படி. காய்ந்தபின் சாம்பல் நிறத்தைத் தூரிகையில் தொட்டு, துணியில் துடைத்துவிட்டு, மேடுகளில் மட்டும் உரசுங்கள். கடைசியாகத் தண்ணீராகக் கரைத்த காவியை மேல் விளிம்பிலிருந்து வழியவிடுங்கள். நீர் தானே தன் வழியைத் தேடிப் போகும். அதைக் கையால் வரைந்தால் வரைந்ததாகவே தெரியும். கூத்துக்கு முடியும் உடுப்பும் செய்யும் அண்ணாவிமாரின் குழுவில் ஒருவரை இந்த நாளுக்குக் கூப்பிட்டால் பாதி நேரம் மிச்சம். தூரத்திலிருந்து, மங்கிய வெளிச்சத்தில் எது எப்படித் தெரியும் என்பது அவர்களுக்குக் கைவந்த கணக்கு.

அறைக்குள் எதைக் கண்டெடுப்பது? பெட்டி நிறையப் பொன் என்பது பார்த்துப் பார்த்துச் சலித்தது. பழைய விகாரைகளின் சிலைப் பீடத்தின் கீழே யந்திரக்கல் என்று ஒன்று வைப்பார்கள். சதுரக் கல்லில் 9 அல்லது 25 குழி, ஒவ்வொன்றிலும் ஒரு பொருள். நம் கோயில்களிலும் மூலவரின் அடியில் யந்திரத் தகடு வைப்பது எல்லோருக்கும் தெரியும். இரண்டடிச் சதுர ரெஜிபோமில் ஐந்துக்கு ஐந்து குழி வெட்டி, இருபத்து நாலில் மண் நிரப்பி, ஒன்றை மட்டும் புதிதாகக் கிளறியதுபோல விட்டால் அந்த ஒரு ஷொட்டே பயமுறுத்தும்.

தரையை மறக்காதீர்கள். பலகைத் தரையில் நடந்தால் 'டொக் டொக்' என்று ஒலி காட்டிக்கொடுக்கும். தார்ப்பாயின்மேல் ஓர் அங்குலத்துக்கு ஆற்றுமணலும் சல்லியும். எட்டடிச் சதுரத்துக்கு ஐந்தேகால் கன அடிக்குச் சற்று மேல், அதாவது சீமெந்துப் பை அளவில் நாலைந்து பை. மேலிருந்து உதிரும் தூசிக்கு அரித்த தும்புத்தூள் போதும். கோதுமை மாவை அள்ளி வீசவேண்டாம். காற்றில் பரந்த மா, சூடான விளக்கிலோ பொறியிலோ பட்டால் குபீரென்று பிடிக்கும்.

தீ பற்றி ஒரே வரி: ரெஜிபோம் எரிந்தபடி உருகிச் சொட்டும், கரும்புகை நிமிடத்தில் மண்டபத்தை நிறைக்கும். விளக்கு, சாம்பிராணித் தட்டு, சிகரெட் எதுவும் உள்ளே வேண்டாம். வெளிச்சக்கீற்று தெரியப் புகை வேண்டுமென்றால் கலியாண அலங்காரக்காரரிடம் புகை மெஷின் வாடகைக்கு எடுங்கள். சாம்பிராணி ஒரு ஷொட்டில் அடர்த்தியாகவும் அடுத்ததில் மெல்லியதாகவும் இருக்கும், தொகுக்கும்போது ஒட்டாது.

வெளிச்சம்: பாத்திரத்தின் கை ரோர்ச்சே பிரதான விளக்கு. அது படும் பக்கத்தில், சட்டகத்துக்கு வெளியே ஒரு வெள்ளை ரெஜிபோம் துண்டைப் பிடித்தால் முகத்துக்கு மென்மையாகத் திரும்பி வரும். மலிவான எல்.ஈ.டி. ரோர்ச்சைக் குறைந்த வெளிச்சத்தில் வைத்தால் படத்தில் கோடுகள் ஓடும், ஏனென்றால் அது கண்ணுக்குத் தெரியாத வேகத்தில் அணைந்து அணைந்து எரிகிறது. முழு வெளிச்சத்தில் வைத்து, முன்னால் மஞ்சள் கண்ணாடித்தாள் ஒட்டிக் குறைக்கவும். நம் மின்சாரம் 50 ஹேர்ட்ஸ். செக்கனுக்கு 25 பிரேம், ஷட்டர் 1/50 என்று வைத்தால் மண்டப மின்குமிழ்களும் மினுங்காது.

சத்தம்தான் மண்டபத்தின் பெரிய குறை. பாண் ஓட்டோவின் பாட்டு, பாங்கு, வைகாசியில் கண்ணகை அம்மன் கோயில் திருக்குளிர்த்தி ஒலிபெருக்கி. இரவு பதினொன்றுக்குப் பிறகு எடுப்பதே நடைமுறை. வசனத்தை மைக் வாயருகே இருக்க எதிரொலியில்லாமல் பிடித்து, குகை ஒலியைத் தொகுப்பில் சேருங்கள். கல் கதவு நகரும் ஒலிக்கு அம்மியில் குழவியை உலர உருட்டாமல் இழுங்கள். 1981இல் வந்த முதல் இண்டியானா ஜோன்ஸ் படத்தில் பேழையின் மூடி திறக்கும் ஒலி, மலசலகூடத் தண்ணீர்த்தொட்டியின் மூடியை நகர்த்திப் பிடித்ததுதான். நம் அம்மி அதைவிடக் கௌரவமானது.

மேசை மாதிரி, கணினி

அறை முழுவதும் தெரியும் அந்த இரண்டு மூன்று ஷொட்டுக்கு இதுதான் விடை. ஆறில் ஒரு பங்கு அளவு: 24 அடி அறை, நாலடி மேசைக்குள் அடங்கும். களிமண், ரெஜிபோம் துண்டு, குறுமணல். அளவு சிறியது என்று காட்டிக்கொடுப்பது பொருளல்ல, வேகம். சிறு கல் சட்டென்று விழுந்துவிடும். பிரேம் வேகத்தை அளவின் வர்க்கமூலத்தால் பெருக்குங்கள்: ஆறின் வர்க்கமூலம் 2.45, இருபத்தைந்தால் பெருக்க 61. போனில் 60 பிரேமில் எடுத்து 25இல் ஓடவிட்டால் கூரை இடிந்து விழுவது கனமாகத் தெரியும். பதினாறில் ஒரு பங்கென்றால் 100 பிரேம். போனின் சிறிய சென்சர் இங்கே வரம்: முன்னும் பின்னும் கூர்மையாக வரும். தண்ணீர் மட்டும் வேண்டாம். துளியின் பருமன் எந்த வேகத்திலும் சுருங்காது.

கணினியில் முப்பரிமாணப் படம் வரையும் பிளெண்டர் மென்பொருள் இலவசம், நேரம் இலவசமல்ல. ஒரு பிரேமுக்கு மூன்று நிமிடம் என்றால் பத்து செக்கன் ஷொட்டுக்கு 250 பிரேம், பன்னிரண்டரை மணித்தியாலம். நடுவில் கரண்ட் போனால்? பின்னணியைக் கணினியில் மாற்றுவதற்காகப் பச்சைத் துணிக்கு முன்னால் எடுத்தால் புகையும் தூசியும் சேர்க்க முடியாது, ரோர்ச் வெளிச்சம் சுவரில் படாது. இந்த வகைப் படத்தின் உயிரே அந்த இரண்டும்தான். கணினி தெரிந்த தம்பி ஒருவர் குழுவில் இருந்தால், மாதிரியின் விளிம்பில் இருட்டை நீட்டுவதற்கு மட்டும் அவரை வையுங்கள்.

எந்தக் கதைக்கு எது

ஆட்கள் ஒடுங்கிய இடத்தில் அகப்படும் திகில் கதை, தீப்பந்தம் உண்டு, மூன்று இரவுதான் கையில்: அரிசி ஆலை. கல் கதவு நகரவேண்டும், சுவரில் எழுத்து வேண்டும், நடிகர்களுக்கு நேரம் வேண்டும்: மண்டப மூலையும் மாதிரியும். கதை பகலில், ஊரின் கல்லைப் பற்றியே பேசுகிறது, அறைக்குள் போகத் தேவையே இல்லை: அனுமதிக் கடிதத்தோடு உண்மையான இடம், அவ்வளவுதான். வாசல் ஓரிடம், உள்ளறை இன்னோரிடம் என்று பிரிக்கும்போது இரண்டையும் இணைக்கும் ஷொட்டை முதலே எழுதிவையுங்கள். பாதம் வெளிச்சத்திலிருந்து இருட்டுக்குள் இறங்கும் ஒரு கிட்ட ஷொட், அடுத்தது உள்ளிருந்து. அந்தப் பாதத்தில் ஒட்டிய மண்ணின் நிறம் இரண்டு இடத்திலும் ஒன்றாக இருக்கவேண்டும். வாசலில் இருந்து ஒரு ஷொப்பிங் பை மண்ணைக் கொண்டுவர ஆசை வரும். பாதுகாக்கப்பட்ட இடத்தில் அதைச் செய்யாதீர்கள். ஒரு படம் எடுத்துவந்து காவியும் களியும் கலந்து நிறத்தைப் பிடியுங்கள்.

செட்டைப் பிரித்தபின் ரெஜிபோமை மண்டபத்துக்குப் பின்னால் எரிக்கும் பழக்கம் வேண்டாம். சட்டங்களைக் கழற்றி அடுக்கிவையுங்கள். கற்சுவரைப் பாடசாலை நாடகத்துக்குக் கேட்டு யாராவது வருவார்கள். போகும்போது கொண்டுபோவதற்குப் பட்டா லொறியையும் அவர்களே பிடிப்பார்கள்.